உதகமண்டலத் தெருவுணவு

உதகமண்டலத் தெருவுணவு என்பது, நீலகிரி மாவட்டத்தின் தலைநகரான உதகமண்டலத்தின் கடைத்தெருக்களிலும் சாலையோரங்களிலும் விற்கப்பட்டு, நின்றபடியோ நடந்தபடியோ உண்ணப்படும் உணவு வகைகளைக் குறிக்கும். வர்க்கி, பால் சேர்த்த தூள் தேநீர், மிளகாய் பஜ்ஜி, சுட்ட மக்காச்சோளம், கழுவிய கேரட், வீட்டுத் தயாரிப்புச் சாக்கலேட் ஆகியவை இவற்றுள் முதன்மையானவை. ஊரறிந்த வழிகாட்டி ஒருவருடன் நடந்து சென்று பார்ப்பது இவற்றை அறிந்துகொள்ள ஏற்ற முறையாகும். "ஊட்டி" எனும் பெயரைத் தாங்கிய பண்டங்களுள் எவை இம்மலையில் உருவானவை, எவை இங்கு விற்கப்படுபவை மட்டுமே என்பது கடைகளின் பெயர்ப்பலகைகளில் இருந்து தெரிவதில்லை.

உணவு நடை

ஒரு நகரின் தெருவுணவை வழிகாட்டியுடன் நடந்து சென்று சுவைக்கும் சுற்றுலா, உணவு நடை எனப்படுகிறது. ஆசியாவில் இதற்குப் பெயர்பெற்ற இடங்களுள் ஒன்று, பிலிப்பைன்சின் தலைநகர் மணிலாவில் உள்ள பினோண்டோ ஆகும். 1594 இல் கிறித்தவம் தழுவிய சீனர்களுக்காக எசுப்பானியர்கள் அமைத்த குடியிருப்பு இது. இங்கு விற்கப்படும் லும்பியா எனும் சுருள் பண்டம் சீனாவின் ஃபுசியன் பகுதியில் இருந்து வந்தது. சோயாக் கட்டியின் மேல் வெல்லப்பாகும் சவ்வரிசியும் இட்டுக் காலையில் தோளில் சுமந்து விற்கப்படும் தாஹோவும் சீன வழி வந்ததே. வழிகாட்டி உணவைக் காட்டும்போது குடிவந்தோரின் வரலாறும் உடன் விளங்கிவிடுகிறது.

உதகமண்டலமும் குடியேற்றத்தால் உருவான நகரமே. கோயம்புத்தூர் ஆட்சியராக இருந்த ஜான் சல்லிவன் 1819 இல் இம்மலைக்கு வந்தார். அதன் பின்னரே இங்கு நகரம் தோன்றியது. 1866 இல் நகராட்சி அமைந்தது. எனவே இதன் தெருவுணவு எதற்கும் இருநூறு ஆண்டுகளுக்கு மேற்பட்ட வயது இருக்க வாய்ப்பில்லை.

நடைக்கு ஏற்ற வழி

1848 இல் அமைக்கத் தொடங்கிய தாவரவியல் பூங்காவின் வாயிலில் இருந்து புறப்பட்டு, கார்டன் சாலை வழியாக இறங்கி, ஆடம் நீரூற்று உள்ள சேரிங் கிராசை அடைந்து, கமர்சியல் சாலை வழியே நகராட்சிச் சந்தைக்கும் மெயின் பஜாருக்கும் செல்வது வசதியான வழியாகும். பூங்காவை ஒட்டிய பகுதிகளில் சுற்றுலாப் பயணிகளுக்கான கடைகளே மிகுதி. சந்தையை நெருங்க நெருங்க உள்ளூர் மக்கள் வாங்கும் கடைகள் மிகுகின்றன, விலையும் குறைகிறது. பகல் வெயில் தணிந்து குளிர் தொடங்கும் மாலை நேரமே பஜ்ஜிக் கடைகள் சுறுசுறுப்படையும் நேரம் ஆகும்.

தேநீர்

உதகமண்டலம் கடல் மட்டத்தில் இருந்து ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் உள்ளது. இவ்வுயரத்தில் காற்றழுத்தம் குறைவு என்பதால் நீர் 100 பாகையில் அல்லாமல் ஏறத்தாழ 92 முதல் 93 பாகை செல்சியசிலேயே கொதித்துவிடும். எவ்வளவு எரித்தாலும் திறந்த பாத்திரத்தில் வெப்பம் அதற்கு மேல் ஏறாது. வேர்க்கடலையும் பருப்பும் இங்கு சமவெளியை விட நெடுநேரம் வேக வேண்டியிருப்பதற்குக் காரணம் இதுவே. விரைவில் சாறு இறங்கும் தூள் தேயிலை இந்தக் கொதிநிலைக்கும் நன்கு பொருந்துகிறது.

தெருவோரக் கடைகளில் பயன்படும் தேயிலை பெரும்பாலும் சி.டி.சி. வகையைச் சேர்ந்தது. இலையை உருளைகளுக்கு இடையே நசுக்கி, கிழித்து, சுருட்டிக் குருணையாக்குவது இம்முறையாகும். இலையை முறுக்கி உலர்த்தும் ஆர்தடாக்ஸ் முறை வேறு. நீலகிரித் தேயிலைக்குப் பெற்ற புவிசார் குறியீடு இந்த ஆர்தடாக்ஸ் வகைக்கே உரியது. ஆகவே நீலகிரித் தேநீர் அருந்த வேண்டும் என்று வருபவர் கடைத்தெருவில் அருந்துவது, அக்குறியீடு பெற்ற தேயிலையாக இருப்பது அரிது. தள்ளுவண்டியில் குறையேதும் இல்லை. பாலும் சர்க்கரையும் சேர்த்தால் ஆர்தடாக்ஸ் இலையின் மணம் அமுங்கிவிடும்.

1964 ஆம் ஆண்டின் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி இலங்கையில் இருந்து திரும்பிய மலையகத் தமிழர் பலர் நீலகிரியில் குடியமர்த்தப்பட்டனர். அவர்களுக்கு வேலை அளிக்கும் நோக்குடன் வளர்ந்ததே தமிழ்நாடு தேயிலைத் தோட்டக் கழகம் ஆகும். மற்றொரு புறம், படுகர் உள்ளிட்ட சிறு விவசாயிகள் தம் தோட்டத்துப் பசுந்தேயிலையைத் தொழிற்சாலைகளுக்கு விற்கின்றனர். தூளாகிய தேயிலை, 1963 இல் தொடங்கிய குன்னூர் ஏல மையத்தில் விலை போகிறது. 1990களின் இறுதியில் விலை வீழ்ந்தது முதல் பசுந்தேயிலைக்குக் கட்டுப்படியான விலை கேட்டுச் சிறு விவசாயிகள் பலமுறை போராடியுள்ளனர். 2023 இலும் போராடினர். கடையில் ஒரு குவளைத் தேநீரின் விலை ஏறுவதற்கும் இலை பறித்தவருக்குக் கிடைக்கும் தொகைக்கும் நேரடித் தொடர்பு இல்லை.

வர்க்கி

உதகமண்டலத்திற்கே உரியது என்று ஐயமின்றிக் கூறத்தக்க தெருவுணவு வர்க்கி ஆகும். இது ஒழுங்கற்ற உருண்டை வடிவில், மேலே மொறுமொறுப்பாகவும் உள்ளே அடுக்கடுக்காகவும் இருக்கும் ஒரு வகை உலர் ரொட்டி. அரபு, பாரசீகம், உருது ஆகிய மொழிகளில் "வரக்" என்பதற்கு ஏடு, தாள் என்று பொருள். வட இந்தியாவில் அடுக்குப் பரோட்டாவை வர்க்கி பரோட்டா என்பர். மலையின் வர்க்கியைப் பிட்டுப் பார்த்தால் இப்பெயரின் பொருத்தம் விளங்கும்.

மைதா, சர்க்கரை, உப்பு, நீர், வனஸ்பதி அல்லது நெய் ஆகியவையே இதன் சேர்பொருள்கள். கடையில் வாங்கும் ஈஸ்ட் சேர்க்கப்படுவதில்லை. வாழைப்பழம், ரவை, மைதா, சர்க்கரை ஆகியவற்றைக் கலந்து புளிக்கவைத்த மாவு ஒன்று உறையாகப் பயன்படுகிறது. தோசை மாவில் நிகழ்வதைப் போலவே, பழத்திலும் மாவிலும் இயற்கையாக உள்ள நுண்ணுயிர்கள் சர்க்கரையை உண்டு வளியை வெளியிட்டு மாவை உப்பச் செய்கின்றன. நுண்ணுயிர்களின் வேகம் வெப்பத்தைப் பொறுத்தது என்பதால், குளிர்ந்த மலையில் புளிப்பு மெதுவாகவே ஏறும், சுவையும் வேறுபடும். மலையின் நீரும் குளிரும் இல்லாமல் இச்சுவை அமையாது என்று வர்க்கி செய்வோர் கூறுவதை வெறும் பெருமைப் பேச்சாகக் கொள்ள வேண்டியதில்லை.

பிசைந்த மாவை விரித்து, கொழுப்பைத் தடவி, மடித்து, மீண்டும் விரிப்பதால் அடுக்குகள் உருவாகின்றன. அடுப்பில் மாவின் நீர் ஆவியாகி வெளியேற முயலும்போது, இடையில் உள்ள கொழுப்பு அடுக்குகளை ஒட்டவிடாமல் பிரித்து வைக்கிறது. பின்னர் விறகு அடுப்பில் சுடப்படுகிறது. செங்கல் சுவர் வெப்பத்தைத் தேக்கி வைத்து மெல்ல வெளியிடும். அதனால் வர்க்கி கருகாமல் உள்வரை உலர்கிறது. ஈரப்பதம் மிகக் குறைவு என்பதால் பல நாட்கள் கெடாது. ஆயினும் பனிமூட்டக் காற்று பட்டால் சில மணி நேரத்திலேயே நமுத்துவிடும். ஆகவே காற்றுப் புகாத டப்பாவில் வைப்பது அவசியம். தேநீரில் தோய்த்து உண்பதே வழக்கம். பேக்கரியில் அடுப்பில் இருந்து இறக்கிய சூட்டுடன் கிடைப்பதற்கும், பேருந்து நிலையத்தில் நெகிழி உறையில் அடைத்துத் தொங்கவிடப்பட்டிருப்பதற்கும் உள்ள வேறுபாடு பெரிது.

ஊட்டி வர்க்கிக்கு 2023 இல் புவிசார் குறியீடு வழங்கப்பட்டது. 1999 ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் வழங்கப்படும் இக்குறியீடு, செய்முறையை எவருக்கும் தனியுரிமை ஆக்குவதில்லை. சமவெளியில் எவரும் வர்க்கி சுடலாம். அதனை "ஊட்டி வர்க்கி" என்று விற்க இயலாது. பதிவு பத்து ஆண்டுகளுக்குச் செல்லும். பின்னர் புதுப்பிக்கப்பட வேண்டும். ஆனால் போலியைக் கண்டுபிடித்து வழக்குத் தொடுப்பது உரிமையாளர்களின் பொறுப்பாகும். சிறு பேக்கரிகளுக்கு இது எளிதன்று. விறகின் விலையும், இரவில் அடுப்பருகே நின்று வேலை செய்ய ஆள் கிடைப்பதும் குறியீட்டால் தீரும் சிக்கல்கள் அல்ல. வாங்குபவர் அடுப்புள்ள பேக்கரியைத் தேடிச் செல்வதே இப்போதைக்கு நம்பகமான சோதனை எனலாம்.

சாக்கலேட்

உதகமண்டலத்தில் சாக்கலேட் செய்யப்படுகிறது என்பது உண்மை. கொக்கோ இங்கு விளைவதில்லை என்பதும் உண்மை. கொக்கோ மரத்திற்கு வெப்பமும் ஈரமும் தேவை. தமிழ்நாட்டில் அது பொள்ளாச்சி போன்ற பகுதிகளில் பயிராகிறது. மலையில் நடைபெறுவது பெரும்பாலும், வாங்கி வந்த சாக்கலேட் கட்டிகளை உருக்கி, முந்திரி, உலர்திராட்சை முதலியவற்றைச் சேர்த்து அச்சில் வார்ப்பது ஆகும். கொக்கோ வெண்ணெய் ஏறத்தாழ 34 பாகையில் உருகும். ஊட்டியின் கோடைப் பகலிலும் வெப்பம் பெரும்பாலும் 25 பாகைக்குள் இருப்பதால் குளிர்சாதனம் இன்றியே இத்தொழில் நடக்கிறது. விலை மலிவான வகைகளில் கொக்கோ வெண்ணெய்க்குப் பதிலாகத் தாவரக் கொழுப்பு இருக்கும். உறையின் பின்புறம் பார்த்தால் தெரியும்.

காய்கறி, சோளம், பஜ்ஜி

உருளைக்கிழங்கு முதலிய குளிர்நாட்டுக் காய்கறிகள் சல்லிவன் காலத்தில் இம்மலைக்கு வந்தன. சந்தைகளில் இவற்றை இன்றும் "இங்கிலீஷ் காய்கறி" என்றே அழைக்கின்றனர். கேத்தி போன்ற பள்ளத்தாக்குகளில் விளையும் கேரட், இலைக்கொத்துடன் கழுவிச் சாலையோரம் விற்கப்படுகிறது. பச்சையாகவே கடித்து உண்ணலாம். சோளக்கதிரைக் கரியில் சுட்டு, மிளகாய்த்தூளும் உப்பும் தொட்ட எலுமிச்சை மூடியால் தேய்த்துத் தருவர். மிளகாய் பஜ்ஜி ஊட்டியில் தோன்றியதன்று. தமிழ்நாடு முழுவதும் உள்ள பண்டம் குளிரில் கூடுதலாக விரும்பப்படுகிறது, அவ்வளவே.

தெருவில் கிடைக்காதவை

இம்மலையின் பழங்குடிகளான தோடர், கோத்தர், குறும்பர், இருளர் ஆகியோரின் உணவும், படுகரின் உணவும் கடைத்தெருவில் ஏறக்குறைய இல்லை. தோடர் எருமை மேய்ப்பவர்கள். பாலும் மோரும் நெய்யும் அவர்களது உணவின் அடிப்படை. படுகர் இல்லங்களில் சாமை, கேழ்வரகு, அவரை ஆகியவை முதன்மை பெற்றிருந்தன. இவை வீட்டிலும் விழாவிலும் பகிரப்படும் உணவுகள். ஊரின் பெயரால் விற்கப்படும் பண்டங்களுக்கும் ஊரின் மூத்த குடிகளின் உணவுக்கும் தொடர்பில்லை என்பதை உணவு நடையில் வழிகாட்டி சொல்லாவிட்டால், கடைத்தெருவே நீலகிரியின் முழு உணவு மரபு என்ற தவறான எண்ணம் பயணிக்கு ஏற்படக்கூடும்.

நடைமுறைச் செய்திகள்

2024 மே 7 முதல் வெளியூர் வாகனங்கள் நீலகிரிக்குள் வர இணையவழி அனுமதிச் சீட்டு பெற வேண்டும் என்பது சென்னை உயர் நீதிமன்ற உத்தரவால் நடைமுறைக்கு வந்தது. 2025 கோடையில் வார நாட்களில் 6,000, வார இறுதியில் 8,000 வாகனங்கள் என வரம்பும் விதிக்கப்பட்டது. ஒருமுறை பயன்படுத்தும் நெகிழிப் பொருட்களுக்கு மாநிலம் முழுவதும் 2019 சனவரி 1 முதல் தடை உள்ளது. நீலகிரியில் அதற்கு முன்பிருந்தே கட்டுப்பாடு உண்டு. நடைக்கு வருபவர் துணிப்பையும் தண்ணீர்ப் புட்டியும் எடுத்து வருதல் நன்று.

மேட்டுப்பாளையம் நோக்கி இறங்குபவர்கள் குன்னூர் மலைப்பாதையில் பர்லியாறு, கல்லாறு பழப்பண்ணைகளின் அருகே நிற்கலாம். கல்லாறு பண்ணை 1900 இல் தொடங்கப்பட்டது. தென்கிழக்கு ஆசியாவிற்கு உரிய மங்குஸ்தான், ரம்புத்தான், துரியன் ஆகியவை இச்சரிவில் காய்க்கின்றன. மணிலாவின் தெருக்களில் விற்கப்படும் அதே பழங்கள், பருவத்தில் இங்கும் சாலையோரக் கூடைகளில் கிடைக்கும்.