திரையில் தோன்றியதற்குத் தண்டனை

பொதட்டூர்பேட்டையில் எங்கள் தெருப் பிள்ளைகளுக்கு மாலையில் பாடம் சொல்லித் தருகிறோம். பக்கத்து விசைத்தறிகளின் சத்தத்தை மீறித்தான் பேச வேண்டும். போன வாரம் பி.கே. ரோசியைப் பற்றிச் சொன்னேன். எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி கேட்டாள்: “அவங்க நடிச்ச படத்த எங்கண்ணா பாக்கலாம்?”

பார்க்க முடியாது. அந்தப் படத்தின் பிரதி ஒன்றுகூட இன்று இல்லை. அது திரையிடப்பட்ட நாளில், அதில் நடித்த ரோசியையே அரங்குக்குள் உட்கார விடவில்லை.

ரோசி திருவனந்தபுரத்துக்காரர். புலையர் சமூகத்தில் பிறந்தவர். கூலி வேலை செய்துகொண்டே காக்காரிசி நாடகத்தில் நடித்தார். தமிழும் மலையாளமும் கலந்து நடக்கும் மக்கள் கலை அது. நம் பக்கத்துத் தெருக்கூத்தில் திரௌபதி வேடத்தை ஆண்களே கட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். சினிமாவும் அப்படித்தான் தொடங்கியது. 1913இல் வெளியான ‘ராஜா அரிச்சந்திரா’வில் அரசியாக நடித்தவர் சாலுங்கே என்ற ஆண். பெண்கள் நடிக்க வருவதே இழிவு என்று எண்ணிய காலத்தில்தான் ரோசி கேமரா முன் வந்து நின்றார்.

அவரை நடிக்க வைத்தவர் ஜே.சி. டேனியல். இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்து அகஸ்தீஸ்வரத்தில் பிறந்தவர். சொத்தை விற்றுப் படம் எடுத்தார். ‘விகதகுமாரன்’ என்ற அந்த ஊமைப்படமே மலையாளத்தின் முதல் சினிமா. அதில் ரோசிக்கு சரோஜினி என்ற நாயர் பெண் வேடம்.

படம் திருவனந்தபுரம் கேப்பிட்டல் அரங்கில் திரையிடப்பட்டது. அது 1928இல் என்றும் 1930இல் என்றும் ஆய்வாளர்கள் சொல்கிறார்கள். ரோசி உள்ளே வந்தால் தாங்கள் வர மாட்டோம் என்றார்கள் பெரிய மனிதர்கள். அவர் வெளியே நிறுத்தப்பட்டார். படம் ஓடும்போது, ரோசியின் கூந்தலில் இருந்த பூவை நாயகன் முத்தமிடும் காட்சியில் கூட்டம் கொதித்தெழுந்ததாகச் சொல்கிறார்கள். திரை மீது கற்கள் பறந்தன. பிறகு அவருடைய குடிசைக்கும் தீ வைத்தார்கள்.

பேசாத படம் அது. திரையில் ரோசியின் குரல் ஒரு சொல்கூடக் கேட்கவில்லை. ஒரு புலையர் பெண் நாயர் பெண்ணாக உடுத்தி நின்றாள் என்பதுதான் அவர்கள் கண்ட குற்றம். திருவிதாங்கூர் கோயில்களுக்குள் ஒடுக்கப்பட்டோர் நுழைய 1936 வரை காத்திருக்க வேண்டியிருந்தது என்பதோடு சேர்த்து இதை யோசித்துப் பாருங்கள்.

ரோசி லாரி ஏறி நாகர்கோவிலுக்குத் தப்பினார். ஒரு லாரி ஓட்டுநரை மணந்தார். ராஜம்மாள் என்ற பெயரில், தான் நடிகை என்பதையே வெளியில் சொல்லாமல் வாழ்ந்து மறைந்தார். அவர் நடித்தது அந்த ஒரே படம்தான்.

டேனியலும் நொடித்துப்போய் 1975இல் இறந்தார். ஆனால் அவர் பெயரில் கேரள அரசு 1992 முதல் விருது வழங்குகிறது. ரோசியின் பெயரை வெளியே கொண்டுவர ஆய்வாளர்கள் பல ஆண்டுகள் உழைக்க வேண்டியிருந்தது. 2013இல் வந்த ‘செல்லுலாய்ட்’ படம் அந்தக் கதையைப் பலருக்கும் சொன்னது. இயக்குநர் பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் சென்னையில் ரோசி பெயரிலேயே திரைப்பட விழா நடத்துகிறது. 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் தன் முகப்பில் அவர் உருவத்தை வரைந்து வைத்தது.

பழைய கதைதானே என்று விட்டுவிட முடியவில்லை. நான் படித்த பள்ளியின் ஆண்டு விழா நாடகத்தில் ராஜா வேடம் எந்தத் தெருப் பையனுக்கு, காவலாளி வேடம் எந்தத் தெருப் பையனுக்கு என்பது ஒத்திகைக்கு முன்பே முடிவாகியிருக்கும். நான் இரண்டு ஆண்டும் ஈட்டி பிடித்து நின்றேன். யாரும் கல்லெறியவில்லை. அதற்குத் தேவையும் இருக்கவில்லை.

வரும் ஏப்ரல் 14, அம்பேத்கர் பிறந்தநாளில் எங்கள் பிள்ளைகள் ரோசியின் கதையை நாடகமாகப் போடுகிறார்கள். யாருக்கு எந்த வேடம் என்பதை அவர்களே பேசி முடிவுசெய்யட்டும் என்று விட்டுவிட்டோம். சரோஜினியாக நடிக்க முதலில் பெயர் கொடுத்திருப்பவள், படத்தை எங்கே பார்க்கலாம் என்று கேட்ட அந்த மாணவிதான்.