காமிரா யார் கையில்?

உடற்குறை உடையோரைப் பற்றிய ஆவணப்படங்களில் பெரும்பாலானவை, பார்ப்பவர் கண்ணில் நீர் வரவழைப்பதையோ, 'இவரே இவ்வளவு சாதிக்கும்போது நமக்கென்ன குறை' என்று உற்சாகம் ஊட்டுவதையோ லட்சியமாகக் கொண்டிருப்பதால், அவற்றில் தோன்றும் மனிதர் இரக்கத்துக்கு உரியவராகவோ அதிசயப் பிறவியாகவோ ஆகிவிடுகிறாரேயன்றி, கோபமும் குறும்பும் காதலும் கொண்ட சாதாரணப் பிரஜையாக நமக்கு அறிமுகமாவதில்லை.

இதற்கு விலக்காக 2020-இல் அமெரிக்காவில் வெளிவந்தது 'கிரிப் கேம்ப்'. நிக்கோல் நியூன்ஹாமுடன் சேர்ந்து அதை இயக்கிய ஜிம் லெப்ரெக்ட், முதுகெலும்பு முழுதும் மூடாமல் பிறந்து, சக்கர நாற்காலியிலேயே நடமாடுபவர்; தொழிலால் திரைப்பட ஒலி வடிவமைப்பாளர். நியூயார்க் மாநிலத்துக் கேட்ஸ்கில் மலைப்பகுதியில், உடற்குறை உடைய இளைஞர்களுக்கென நடந்த ஜெனெட் கோடை முகாமில் 1971-இல் அவர் இருந்தபோது, பீப்பிள்ஸ் வீடியோ தியேட்டர் என்ற குழுவினர் அங்கே வந்து கறுப்பு வெள்ளையில் பிடித்துப்போன வீடியோ நாடாக்களே, பல்லாண்டுகளுக்குப் பின் தேடி எடுக்கப்பட்டு, இப்படத்துக்கு ஜீவாதாரமாயின.

அதில் ஒரு காட்சி. மேசையைச் சுற்றி அமர்ந்து இளைஞர்கள் தங்கள் பெற்றோரைப் பற்றி விவாதிக்கிறார்கள். பேச்சு எளிதில் விளங்காத ஒரு பெண் வாய் திறக்க, அவள் சொல்லி முடிக்கும்வரை யாரும் அவசரப்படுத்தாமலும், வாக்கியத்தைத் தாமாக முடித்து வைக்காமலும் காத்திருக்கிறார்கள். பிறகு, தனிமையில் இருக்கும் உரிமையைத்தான் அவள் கேட்கிறாள் என்று இன்னொருவர் எடுத்துரைக்கிறார். வேறொரு டைரக்டர் கத்தரித்து எறிந்திருக்கக்கூடிய நிமிஷங்கள் இவை. என் அபிப்பிராயத்தில் படத்தின் உயிரே இங்கேதான் இருக்கிறது.

படம் முகாமோடு நின்றுவிடுவதில்லை; அங்கிருந்து ஒரு போராட்டத்துக்குச் செல்கிறது. அம்முகாமில் பணியாற்றிய ஜூடி ஹியூமன்தான், 1977 ஏப்ரலில் சான்பிரான்சிஸ்கோவின் அரசாங்கக் கட்டடத்துக்குள் நடந்த உள்ளிருப்புப் போராட்டத்தின் தலைவர்களில் ஒருவர். அரசுப் பணம் பெறும் எந்த ஸ்தாபனமும் உடற்குறையைக் காரணம் காட்டி ஒருவரை ஒதுக்கலாகாது என்ற, அமெரிக்கச் சட்டத்தின் 504-ஆம் பிரிவு 1973-லேயே நிறைவேறியும், அதற்கான விதிகள் கையெழுத்தாகாமல் கிடந்தன. (சட்டம் செய்வது சுலபம், விதி எழுதுவதே கஷ்டம் என்பது எல்லா சர்க்கார்களுக்கும் பொது போலும்.) தொலைபேசித் தொடர்பு துண்டிக்கப்பட்டபோது காது கேளாதோர் ஜன்னல் வழியே சைகை மொழியில் செய்தி அனுப்பினார்கள், கறுப்பின மக்களின் உரிமைக்காகப் போராடிய பிளாக் பேந்தர் கட்சியினர் சூடான உணவு கொண்டுவந்தார்கள். மூன்று வாரத்துக்கு மேல் நீடித்த அப்போராட்டத்தின் பயனாக, ஏப்ரல் 28-இல் விதிகள் கையெழுத்தாயின.

உடற்குறை உடையோரைப் பற்றிப் படம் எடுக்க விரும்பும் நம் இளைஞர்கள், காமிராவைத் தூக்குமுன் 'கிரிப் கேம்ப்' படத்தை ஒருமுறை பார்ப்பது நலம். இரண்டு மணி நேரம்கூட ஆகாது.