எதை அழிக்கும் கப்பல்?

2017 ஆகஸ்ட் 21 அன்று, சிங்கப்பூருக்குக் கிழக்கே அமெரிக்கப் போர்க்கப்பலான ஜான் எஸ். மெக்கெய்ன் ஓர் எண்ணெய்க் கப்பலுடன் மோதியது. கடற்படையினர் 10 பேர் மாண்டனர். அச்செய்தியில் 'ஏவுகணை அழிப்புக் கப்பல்' என்ற தொடரைக் கண்ட என் தந்தையார், "ஏவுகணைகளை அழிக்கும் கப்பலா?" என்றார். "இல்லை அப்பா, ஏவுகணைகளைக் கொண்டுள்ள அழிப்புக் கப்பல்" என்றேன். "சரி, எதை அழிக்கும்?" என்று கேட்டார். தமிழ் படித்த மகனிடம் விடை இல்லை.

தேடிப் பார்த்தபோதுதான், 'டெஸ்ட்ராயர்' என்னும் ஆங்கிலச் சொல்லே ஒரு குறைச்சொல் என்பது புரிந்தது. ராபர்ட் வைட்ஹெட் என்ற ஆங்கிலேயப் பொறியாளர் 1866இல் தானே நீரில் பாய்ந்து செல்லும் டார்பிடோவை உருவாக்கினார். (டார்பிடோ என்பது மின்சாரம் பாய்ச்சும் திருக்கை மீனின் லத்தீன் பெயர்.) அதன்பின் சிறு படகொன்று பெரும் போர்க்கப்பலையே மூழ்கடிக்கலாம் என்ற அச்சம் வந்தது. அப்படகுகளைத் துரத்தி அழிக்க வேகமான கப்பல்கள் தேவைப்பட்டன. ஸ்பெயின் 1887இல் 'டெஸ்ட்ருக்டோர்' என்ற கப்பலைப் படையில் சேர்த்தது. பிரிட்டன் 1893இல் 'ஹாவக்' கப்பலை வெள்ளோட்டம் விட்டது; எடை 300 டன்கூட இல்லை. இவ்வகைக்கு ஆங்கிலேயர் இட்ட முழுப்பெயர் 'டார்பிடோ போட் டெஸ்ட்ராயர்', அதாவது டார்பிடோ படகு அழிப்பான். இக்கப்பல்களும் டார்பிடோக்களை ஏந்தியதால், படகுகளின் வேலையையும் இவையே ஏற்றன. நாளடைவில் பெயரின் முற்பகுதி உதிர்ந்தது.

இத்தாலியர் இன்றும் 'டார்பிடோ படகு வேட்டைக்காரன்' என்றே முழுமையாகச் சொல்கின்றனர். சீனத்தில் 'விரட்டும் கப்பல்' என்று பொருள். பிரெஞ்சில் 'டார்பிடோ படகு எதிர்ப்பான்' என்ற பெயர் வழங்கியது. 1914 அக்டோபர் 28 அன்று பினாங்கருகே எம்டன் மூழ்கடித்த மூஸ்கே அவ்வகைக் கப்பலே. (நம் பேச்சில் 'அவன் பெரிய எம்டன்' என்கிறோமே, அதே எம்டன்தான்.)

மலாய்ப் பெயர் எனக்கு வியப்பளித்தது. 'காப்பால் பெம்பினாசா' என்பதில் முதற்சொல் நம் 'கப்பல்'. 'பினாசா' என்பது வடமொழி 'விநாசம்'. தமிழில் வழங்கும் 'நாசகாரிக் கப்பல்' ஏறத்தாழ அதன் உடன்பிறப்பு எனலாம். ஆனால் நாசகாரி என்றதும், பால் சட்டியைக் கவிழ்த்த பூனையை என் பாட்டி ஏசும் குரல்தான் என் காதில் விழுகிறது. எனக்கு 'அழிப்புக் கப்பல்' போதும்.

தந்தையாரின் முதற்கேள்விக்கு வருவோம். அவர் படித்ததில் பிழையில்லை. 'ஏவுகணை அழிப்பு' என்பதை 'ஏவுகணையை அழித்தல்' என இரண்டாம் வேற்றுமைத் தொகையாக விரிப்பதே இயல்பு. 'ஏவுகணை தாங்கி அழிப்புக் கப்பல்' என்றாலும் சிக்கல் தீராது; ஏவுகணை தாங்கிகளை அழிப்பது என்றாகிவிடும். 'ஏவுகணை ஏந்திய அழிப்புக் கப்பல்' என எழுதினால் குழப்பமில்லை. செய்தித்துறையில் மொழிபெயர்ப்பாளராக இருக்கும் நம் முன்னாள் மாணவர்கள் இதைப் பரிசீலிக்கலாம்.