குரலிழந்த கலைஞர்

ஊமைப்படக் காலத்து நகைச்சுவை நடிகர்கள் என்றவுடன் சார்லி சாப்ளின், பஸ்டர் கீட்டன் ஆகியோர் பெயர்களே நம் நாவில் எழும். அவர்களோடு ஒருங்கு வைத்து எண்ணத்தக்க ஒருவரைப் பலர் மறந்தனர். அவர், அமெரிக்க நாட்டுப் பாஸ்டன் நகரில் 1895ஆம் ஆண்டு பிறந்த ரேமண்டு கிரிபித் என்பவர்.

இளமையிலேயே அவர் குரல் கெட்டது. கரகரத்த மெல்லொலியே அவர் வாயினின்று வெளிப்படும். நாடகத்தில் உரையாடுவது எங்ஙனம்? ஊமைப்படமோ குரலை வேண்டாது மெய்ப்பாட்டையே வேண்டிற்று. கிரிபித் அங்கே புகழ் பெற்றார். உயர்ந்த பட்டுத் தொப்பி அணிந்த செல்வராகத் தோன்றுவார். எத்துணைப் பெரிய இடர் வரினும் முகம் சுளியார். புன்முறுவலுடன் சூழ்ச்சி செய்து தப்புவார். விழுந்து புரண்டு நகைப்பூட்டுவதினும் இஃது அரிய கலை என்பது என் கருத்து. 1926இல் வெளிவந்த ‘கைகளைத் தூக்கு’ என்னும் படத்தில் அவர் ஓர் ஒற்றர். காலம், அமெரிக்க உள்நாட்டுப் போர்க்காலம். பகைவர் அவரைச் சுடுவதற்கு அணிவகுத்து நிற்கின்றனர். அவரோ உணவுத் தட்டுகளை வானில் எறிகின்றார். வீரர்கள் தம்மையறியாமல் தட்டுகளையே சுடுகின்றனர்!

பின்னர்ப் பேசும்படம் வந்தது; அங்கு அவரால் நிலைக்க இயலவில்லை. ஆயினும், 1930இல் வெளிவந்த ‘மேற்கு முனையில் எல்லாம் அமைதி’ என்னும் போர்ப்படத்தில் ஒரு சிறு வேடம் கிடைத்தது. குண்டு விழுந்த பள்ளத்தில் செருமானிய இளைஞன் ஒருவன் பிரெஞ்சு வீரனைக் கத்தியால் குத்துகின்றான். பின்பு, தன்னை மன்னிக்குமாறு அவனிடமே கதறுகின்றான். மறுமொழி கூறாது உயிர்விடும் அவ்வீரனாக நடித்தவர் கிரிபித்தே. அம்முகத்தைக் கண்டோர் மறவார். அது நகைப்பூட்டிய முகம் என்று அறிந்தோர் மிகச் சிலர்.

அதன்பின் படத்தயாரிப்பில் ஈடுபட்ட அவர், 1957இல் மறைந்தார். அவர் நடித்த படங்கள் பல அழிந்தொழிந்தன. ‘கைகளைத் தூக்கு’ எஞ்சியது. 2005ஆம் ஆண்டில் அஃது அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பெற்றது.