சிரங்கும் அதற்குரிய சிகிச்சையும்

ஏனாத்தூரில் ஒரு தறி வீட்டுத் திண்ணையில் அமர்ந்திருந்தபொழுது, அவ்வீட்டு அம்மையார், "கத்தரிக்காய், கருவாடு இரண்டையும் நிறுத்தி ஒரு மாதமாகிறது ஐயா, பிள்ளைக்குச் சிரங்கு போகவில்லை" என்றார். களிம்பு பூசினீர்களா என்று வினவினேன். பூசியிருந்தார், பையனுக்கு மட்டும். அவனுடன் ஒரே பாயில் படுக்கும் பாட்டிக்கும் தங்கைக்கும் அரிப்பு இல்லையாம். வீட்டில் அறுவர், வாங்கியதோ ஒரே ஒரு டியூப்.

சிரங்கு இரத்தக் கேட்டினாலோ உடற்சூட்டினாலோ வருவதன்று. இத்தாலி நாட்டு மருத்துவர் பொனோமோ, இதற்குக் காரணமான உண்ணியை உருப்பெருக்கியின் வழியே கண்டு 1687இலேயே எழுதிவிட்டார். அரை மில்லிமீட்டர்கூட இராத பெண் உண்ணி, தோலின் மேலடுக்கில் வளை தோண்டி நாள்தோறும் இரண்டு மூன்று முட்டைகள் இடும். விரலிடுக்கு, மணிக்கட்டு, அக்குள், இடுப்பு ஆகியவை அதற்கு உகந்த இடங்கள். முதன்முறை தொற்றியவருக்கு அரிப்புத் தோன்ற நான்கு முதல் ஆறு வாரங்கள் ஆகலாம். அதற்குள் அவரிடமிருந்து பிறருக்குப் பரவிவிடும். பையன் குணமானாலும் அதே பாயில் மீண்டும் பெற்றுக்கொள்வான்.

ஆகவே, அரிப்பு இருப்பினும் இல்லாவிடினும் வீட்டார் அனைவரும் ஒரே இரவில் மருந்து பூசவேண்டும். மருத்துவர் தரும் 5 சதவிகித பெர்மெத்ரின் களிம்பைக் கழுத்து முதல் உள்ளங்கால் வரை, நகக்கண் உட்படத் தடவுக. பெரியவருக்கு ஒருமுறைக்கு ஏறத்தாழ 30 கிராம் வேண்டும். பட்டில் பிசுக்குப் படியுமே என்று நெசவாளர்கள் தயங்குகின்றனர், நியாயமான அச்சமே. தறியை நிறுத்தியபின் இரவு எட்டு மணிக்குப் பூசிக் காலை ஆறு மணிக்குக் குளித்துவிட்டால் பட்டுக்கும் பழுதில்லை, மருந்தும் வேலை செய்திருக்கும். இடையில் கை கழுவ நேரின் கைகளுக்கு மீண்டும் பூசுக. ஏழு நாள் கழித்து இன்னொருமுறை பூசவேண்டும். கைக்குழந்தைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் மருத்துவரைக் கேளாது எதுவும் பூசலாகாது.

உடுத்த துணி, போர்வைகளை வெந்நீரில் துவைத்து வெயிலில் உலர்த்துக. துவைக்க இயலாதவற்றை ஒரு வாரம் மூட்டையாகக் கட்டி வைத்தால் போதும். உடலை விட்டகன்ற உண்ணி இரண்டு மூன்று நாட்களுக்குமேல் பிழைப்பது அரிது.

உண்ணி மடிந்தபின்னும் அரிப்பு இரண்டு முதல் நான்கு வாரம் நீடிக்கக்கூடும். மருந்து பலிக்கவில்லையென்று தினந்தோறும் பூசித் தோலைப் புண்ணாக்க வேண்டா. சொறிந்த புண்ணில் சீழ் வைத்த குழந்தைக்கு முகம் வீங்கினாலோ, சிறுநீர் கருஞ்சிவப்பாக இறங்கினாலோ அது சிறுநீரகத்தைத் தாக்கியதன் அறிகுறியாகலாம். அன்றே மருத்துவமனைக்கு எடுத்துச் செல்க.

உலக சுகாதார நிறுவனம் 2017இல் சிரங்கைப் புறக்கணிக்கப்பட்ட வெப்பமண்டல நோய்களின் பட்டியலில் சேர்த்தது. ஊராட்சி உறுப்பினர்கள் தத்தம் தெருவில் சிரங்கு கண்ட வீடுகளில் எத்தனை பேர் உறங்குகின்றனர் என்று எண்ணி, அக்கணக்கை ஆரம்ப சுகாதார நிலையத்தில் தந்து, அத்தனை பேருக்கும் மருந்து கேட்டுப் பெறவேண்டும்.