கடலூர் தந்த முதல் மந்திரி

தமிழகத்து முதலமைச்சர்களை வரிசையாகச் சொல்லச் சொன்னால் பலரும் ராஜாஜியிலிருந்தோ ஓமந்தூராரிலிருந்தோ தொடங்குவார்கள். அந்த வரிசையின் தலைமாட்டில் நிற்பவர் ஒரு கடலூர்க்காரர். சுப்பராயலு ரெட்டியார். தென்னாற்காடு ஜில்லாவின் நிலக்கிழார், நீதிக்கட்சிக்காரர். 1920 டிசம்பர் 17-ல் சென்னை மாகாணத்தின் முதல் மந்திரியாகப் பொறுப்பேற்றார். அவர் பெயர் கடலூர்ப் பிள்ளைகளுக்காவது தெரிந்திருக்க வேண்டும் என்பது என் ஆசை.

அவரை அங்கே கொண்டுபோய்ச் சேர்த்தது 1920 நவம்பர் தேர்தல். அதே மாதம் அமெரிக்காவில் நியூயார்க் மாநில மக்கள், கவர்னராக இருந்த ஆல் ஸ்மித்தை ஓட்டுப் போட்டு இறக்கிவிட்டு நாதன் மில்லரைத் தேர்ந்தெடுத்தார்கள். நமக்கோ கவர்னர் லண்டனிலிருந்து வந்தார். அப்போது வில்லிங்டன் பிரபு. நாம் ஓட்டுப் போட்டது சட்டசபைக்கு மட்டும். தேர்தலில் நிரப்ப வேண்டிய 98 இடங்களில் நீதிக்கட்சி 63-ஐப் பிடித்தது. ஒத்துழையாமை இயக்கத்தில் இறங்கியிருந்த காங்கிரஸ் தேர்தலைப் புறக்கணித்துவிட்டது. மந்திரிசபை அமைக்கக் கவர்னர் அழைத்தது கட்சித் தலைவர் பிட்டி தியாகராயரை. அவர் பதவி வேண்டாம் என்றார். ரெட்டியாருக்கு அழைப்பு வந்தது அப்படித்தான்.

கிடைத்த அதிகாரமும் பாதிதான். இரட்டை ஆட்சி என்று அதற்குப் பெயர். கல்வி, சுகாதாரம், கலால், உள்ளாட்சி போன்றவை மந்திரிகளிடம். நிதி, போலீஸ், நிலவரி எல்லாம் கவர்னரின் நிர்வாகக் குழுவிடம். பள்ளிக்கூடம் கட்ட மந்திரி நினைத்தாலும் பணப்பெட்டிச் சாவி வேறு கையில் இருந்தது. அந்த நிலையிலும் ஏழு மாதம் நடத்தினார். உடல்நலம் கெட்டு 1921 ஜூலையில் விலகினார். பனகல் அரசர் அந்த இடத்துக்கு வந்தார். அந்த வருஷம் முடிவதற்குள் ரெட்டியார் காலமானார்.

ஆனால் யார் ஓட்டுப் போட்டார்கள்? இந்தக் கேள்விதான் என்னை விடாமல் துரத்துகிறது. மாகாணத்தில் அன்று 4 கோடிக்கு மேல் ஜனங்கள். ஓட்டுரிமை இருந்தது சுமார் 12 லட்சம் பேருக்கு. வரி கட்டுகிறவர்கள், சொத்துள்ளவர்கள். அவர்களிலும் நாலில் ஒருவர்தான் சாவடிக்குப் போனார். பெண்களுக்கு ஓட்டில்லை, அந்தத் தடையை நீக்கும் தீர்மானத்தைச் சட்டசபை 1921-ல்தான் நிறைவேற்றியது. சேரியில் இருந்தவர்களிடம் ஓட்டுக்குத் தேவையான நிலமும் இல்லை, வரி ரசீதும் இல்லை. அவர்கள் சார்பில் ஆட்களை அரசாங்கமே நியமித்தது. 1920-ல் எம்.சி. ராஜா அப்படித்தான் உள்ளே போனார்.

கடலூரிலிருந்து சிதம்பரத்துக்கு ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதலான பஸ் பயணம். இந்தக் கதையின் மறுபாதி அங்கே ஓமக்குளத்தில் இருக்கிறது. சேரி மக்களை நுழைய விடாத கோயிலின் ஊரில், 1916-ல் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்காக நந்தனார் பள்ளியைத் தொடங்கியவர் சுவாமி சகஜானந்தர். 1926-ல் அவர் சட்டசபைக்குப் போனதும் நியமனத்தால்தான். தன் மக்களுக்காக அங்கே அவர் பேசினார். அவரை அனுப்பும் சீட்டு அந்த மக்கள் கையில் இல்லை.

குடியரசு வந்து, வயதுவந்த எல்லோருக்கும் ஓட்டு என்றான பிறகு, சிதம்பரம் தொகுதி மக்கள் அவரைத் தங்கள் ஓட்டாலேயே சட்டமன்றத்துக்கு அனுப்பினார்கள். 1959-ல் கண்மூடும்போது அவர் அவர்களுடைய உறுப்பினர்.