எஸ்யூவியில் திடீரென எரியும் ‘இ.பி.சி’ விளக்கு: பார்ட்டை மாற்றும் முன் என்ன பார்க்கணும்?

ஸ்கோடா குஷாக் 2021 ஜூன் மாத இறுதியில் இந்தியச் சந்தைக்கு வந்தது. புனே அருகே சாக்கனில் தயாராகும், இந்தியாவை மனதில் வைத்தே உருவாக்கப்பட்ட எஸ்யூவி என்பதால் எதிர்பார்ப்பு எகிறியிருந்தது. ஆனால் வண்டி கைக்கு வந்த கொஞ்ச நாளிலேயே உரிமையாளர்கள் பலர் ஒரே மாதிரியான புகாரைச் சொல்ல ஆரம்பித்தார்கள். ஓடிக்கொண்டிருக்கும்போதே டேஷ்போர்டில் மஞ்சள் நிறத்தில் ‘இ.பி.சி’ என்ற மூன்று எழுத்து எரியும். ஆக்சிலரேட்டரை மிதித்தால் வண்டி இழுக்காது. சிலருக்கு நடுரோட்டிலேயே இன்ஜின் ஆஃப்.

இ.பி.சி என்றால் எலெக்ட்ரானிக் பவர் கன்ட்ரோல். ‘இன்ஜின் பவர் கன்ட்ரோல்’ என்று விரித்துச் சொல்பவர்களும் உண்டு. பெயரைக் கேட்டால் ஏதோ எலெக்ட்ரானிக் பெட்டி போய்விட்டது என்றுதான் தோன்றும். ஆனால் குஷாக் விஷயத்தில் காரணமாகச் சொல்லப்பட்டது ஃப்யூல் பம்ப். பிரச்சினை வந்த வண்டிகளுக்கு இன்னும் உறுதியான பம்ப் மாற்றித் தரப்பட்டது.

விளக்கு சொன்னது ஒன்று, பழுதானது வேறொன்று. இதுதான் இந்த விளக்கின் குணம். எந்த பார்ட் கெட்டுப்போனது என்று அது சொல்லவே சொல்லாது. ‘நீங்கள் கேட்கிற பவரை என்னால் நம்பிக் கொடுக்க முடியவில்லை’ என்று மட்டும் சொல்லும். இந்த வித்தியாசம் தெரியாததால்தான் பலர் தேவையில்லாத பார்ட்டுக்குப் பணம் கட்டிவிட்டு, அடுத்த வாரமே அதே விளக்கோடு சர்வீஸ் சென்டர் வாசலில் நிற்கிறார்கள்.

மிதிப்பது பெடலை, முடிவெடுப்பது கம்ப்யூட்டர்

பழைய அம்பாசிடரிலோ மாருதி 800-லோ ஆக்சிலரேட்டர் பெடலுக்கும் இன்ஜினுக்கும் நடுவே ஒரு கம்பி ஓடும். காலால் மிதித்தால் கம்பி இழுக்கும், காற்று போகும் வழி திறக்கும். இன்றைய கார்களில் அந்தக் கம்பி கிடையாது. பெடலில் இருக்கும் சென்சார்கள் ‘டிரைவர் இவ்வளவு மிதித்திருக்கிறார்’ என்று இன்ஜின் கம்ப்யூட்டருக்கு, அதாவது இ.சி.யூவுக்குச் சொல்கின்றன. அது கணக்குப் போட்டு, த்ராட்டில் பாடியில் இருக்கும் சின்ன மோட்டாரை இயக்கித் தகட்டைத் திறக்கிறது.

பெடலில் ஒரு சென்சார் இல்லை, இரண்டு இருக்கும். த்ராட்டில் பாடியிலும் அப்படித்தான். இரண்டும் ஒரே தகவலை வெவ்வேறு வோல்டேஜில் அனுப்பும். ஒன்று சொல்வதும் இன்னொன்று சொல்வதும் பொருந்தாவிட்டால், யாரை நம்புவது என்று இ.சி.யூவுக்குத் தெரியாது. தெரியாதபோது அது ரிஸ்க் எடுப்பதில்லை. பவரைக் குறைத்துவிட்டு விளக்கைப் போடும். இதைத்தான் மெக்கானிக்குகள் ‘லிம்ப் மோடு’ என்கிறார்கள். வண்டி நொண்டியபடி வீடு வந்து சேரும், அவ்வளவுதான். கோபம் வரலாம். ஆனால் மிதிக்காத பவரை வண்டி தானாகக் கொடுத்து முன்னால் போகும் லாரியில் மோதுவதைவிட இது எவ்வளவோ மேல்.

இ.பி.சி என்ற பெயர் ஃபோக்ஸ்வேகன் குழுமத்தின் பெட்ரோல் கார்களுக்கு உரியது. டைகுன், குஷாக், போலோ, ஆடி எல்லாம் இதில் அடங்கும். அதே குழுமத்தின் டீசல் கார்களில் சுருள் வடிவ க்ளோ பிளக் விளக்கு விட்டுவிட்டு எரிந்தால் ஏறக்குறைய அதே அர்த்தம். மறைமலை நகரில் தயாரான ஃபோர்டு ஈகோஸ்போர்ட்டில் ஸ்பேனர் படம் வரும். ஜீப் காம்பஸில் மின்னல் குறி. படம்தான் வேறு, கதை ஒன்றுதான். சாவியைத் திருப்பியதும் இந்த விளக்கு ஒருமுறை எரிந்து, இன்ஜின் ஸ்டார்ட் ஆனதும் அணைவது இயல்பு. அதைப் பார்த்துப் பதற வேண்டாம்.

சந்தேகப் பட்டியலில் யார் யார்?

முதலில் கவனிக்க வேண்டியவர், யாரும் எதிர்பார்க்காத ஆள்: பிரேக் லைட் சுவிட்ச்.

பிரேக்குக்கும் இன்ஜின் பவருக்கும் என்ன சம்பந்தம் என்று தோன்றலாம். பிரேக்கும் ஆக்சிலரேட்டரும் ஒரே நேரத்தில் மிதிக்கப்பட்டால் பிரேக் சொல்வதைத்தான் கேட்க வேண்டும் என்பது இ.சி.யூவுக்குக் கொடுக்கப்பட்ட கட்டளை. அதனால் பிரேக் மிதிக்கப்பட்டிருக்கிறதா, இல்லையா என்பது அதற்கு எப்போதும் தெரிந்தாக வேண்டும். அந்த சுவிட்ச் முன்னுக்குப் பின் முரணாகத் தகவல் அனுப்பினால் உடனே இ.பி.சி. பழைய போலோ, வென்டோவில் இந்த சுவிட்ச் பிரேக் பெடலுக்கு மேலேயே இருக்கும். புதிய மாடல்களில் மாஸ்டர் சிலிண்டர் பக்கம் போய்விட்டது.

இதைச் சோதிக்க மெக்கானிக்கூடத் தேவையில்லை. வீட்டில் யாரையாவது வண்டிக்குப் பின்னால் நிற்கச் சொல்லுங்கள். பிரேக்கை மிதித்தால் எல்லா பிரேக் லைட்டும் எரிகிறதா? காலை எடுத்ததும் அணைகிறதா? க்ரூஸ் கன்ட்ரோலும் சேர்ந்து வேலை செய்யாமல் போயிருந்தால் இந்தச் சந்தேகம் இன்னும் வலுக்கும். ஆனால் பிரேக் லைட் ஒழுங்காக எரிகிறது என்பதால் மட்டும் சுவிட்சை விடுவித்துவிட முடியாது. உள்ளே இரண்டு சர்க்யூட் உண்டு. விளக்குக்குப் போகும் பாதை நன்றாக இருந்து, இன்னொன்று மட்டும் கெட்டிருக்கலாம். இன்னொரு விஷயம், பிரேக் லைட் எரியாத வண்டி பின்னால் வருபவருக்கும் ஆபத்து. இதைத் தள்ளிப்போடக் கூடாது.

அடுத்து பேட்டரி. வோல்டேஜ் இறங்கினால் சென்சார்கள் உளறும். ஒன்றுக்கொன்று தொடர்பே இல்லாத நாலைந்து விளக்குகள் ஒரே நேரத்தில் எரிந்தால் முதலில் பேட்டரியைத்தான் பார்க்க வேண்டும். இன்ஜின் ஆஃபில் இருக்கும்போது சுமார் 12.6 வோல்ட் இருந்தால் நல்ல பேட்டரி. இன்ஜின் ஓடும்போது 13.5 முதல் 14.7-க்குள் காட்டினால் பொதுவாக ஆல்டர்னேட்டரும் ஓகே.

பிறகு எலி. சிரிக்க வேண்டாம். நம் ஊர் பார்க்கிங்கில் இது சீரியஸான விஷயம். ஒரு வாரம் நிறுத்தி வைத்த வண்டியில் திடீரென இ.பி.சி வந்தால், பானெட்டைத் திறந்து வயரிங்கில் பல் தடம் இருக்கிறதா என்று பார்ப்பது ஐந்து நிமிட வேலை. மழையும் இதில் சேர்த்தி. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது சென்னையில் தெருவோரம் நின்ற எத்தனையோ கார்களுக்குள் தண்ணீர் புகுந்தது. கனெக்டருக்குள் ஈரம் இறங்கினால் தண்ணீர் வடிந்த பிறகு, பச்சை பிடித்த பின்னிலிருந்து கோளாறு மெதுவாகக் கிளம்பலாம். தண்ணீர் இன்ஜின் உயரத்துக்கு ஏறியிருந்தால் ஸ்டார்ட் செய்து பார்க்கவே கூடாது, டோ பண்ணித்தான் கொண்டுபோகணும்.

த்ராட்டில் பாடி உண்மையிலேயே குற்றவாளியாக இருப்பதும் உண்டு. கரி படிந்து தகடு ஒட்டிக்கொள்ளும். பல சமயம் சுத்தம் செய்தாலே போதும். ஆனால் சுத்தம் செய்த கையோடு, தகட்டின் ஆரம்ப நிலையை ஸ்கேனர் மூலம் இ.சி.யூவுக்குக் கற்றுக்கொடுக்க வேண்டும். இதற்குப் பெயர் த்ராட்டில் அடாப்டேஷன். இதை விட்டுவிட்டால் ஐடிலிங் தடுமாறும், விளக்கும் திரும்ப வரலாம். ‘க்ளீன் பண்ணியும் சரியாகலையே’ என்று புது த்ராட்டில் பாடிக்கு எஸ்டிமேட் நீட்டப்படுவது இந்த இடத்தில்தான்.

குஷாக்கில் நடந்த ஃப்யூல் பம்ப் பிரச்சினைக்கு வருவோம். டி.எஸ்.ஐ இன்ஜினில் பெட்ரோல் நேராக சிலிண்டருக்குள் பீய்ச்சப்படுகிறது. அதற்குத் தேவையான அழுத்தம் 200 பாருக்கும் மேல் போகும். கார் டயரில் இருப்பது இரண்டு பார் சொச்சம்தான், ஒப்பிட்டுப் பாருங்கள். பம்ப் தடுமாறி அழுத்தம் குறைந்தால், கேட்ட பவரைக் கொடுக்க இ.சி.யூவிடம் பெட்ரோல் இருக்காது. உடனே இ.பி.சி. ஸ்பார்க் பிளக், இக்னிஷன் காயில், டர்போவுக்குப் போகும் ஹோஸில் கசிவு என எதுவானாலும் முடிவு இதேதான்.

எரர் கோட் என்ன சொல்கிறது?

ஸ்டீயரிங்குக்குக் கீழே, டிரைவர் முழங்கால் பக்கம் ஒரு ஓ.பி.டி சாக்கெட் இருக்கும். அதில் ஒரு ப்ளூடூத் டாங்கிளைச் செருகி, மொபைல் ஆப்பில் எரர் கோடைப் படிக்கலாம். விலை குறைந்த பொதுவான டாங்கிளே அடிப்படை கோட்களைக் காட்டிவிடும். பிரேக், கியர்பாக்ஸ் போன்ற மற்ற கம்ப்யூட்டர்களையும் படிக்க ஓ.பி.டி-லெவன், வி.சி.டி.எஸ் மாதிரி ஃபோக்ஸ்வேகன் குழுமத்தின் கார்களை ஆழமாகப் படிக்கும் கருவிகள் வேண்டும்.

பி0571 என்று வந்தால் பிரேக் சுவிட்ச் சர்க்யூட். பி2138 என்றால் பெடல் சென்சார்கள் இரண்டும் ஒத்துப்போகவில்லை. பி2135 என்றால் அதே சண்டை த்ராட்டில் பாடியில். பி0087 ஃப்யூல் அழுத்தம் குறைவு. பி0299 டர்போ போதிய காற்றைத் தள்ளவில்லை. பி0300 முதல் அடுத்தடுத்து வருபவை மிஸ்ஃபயர், கடைசி எண் எந்த சிலிண்டர் என்று சொல்லும். பி0562 வந்தால் வோல்டேஜ் குறைவு.

ஆனால் ‘பி2135 வந்திருக்கு சார், த்ராட்டில் பாடி போச்சு’ என்று யாராவது சொன்னால் அப்படியே தலையாட்ட வேண்டாம். அந்த கோட் சொல்வது இரண்டு சிக்னல் பொருந்தவில்லை என்பதை மட்டும்தான். சென்சார் கெட்டதாலும் பொருந்தாமல் போகும், வயர் அறுந்ததாலும் போகும், கனெக்டர் லூஸானதாலும் போகும். ‘வயரிங், கனெக்டர் செக் பண்ணீங்களா?’ என்று கேளுங்கள். பொறுமையான மெக்கானிக் மீட்டரை வைத்து அளந்து காட்டுவார்.

கோடை அழிப்பதில் அவசரம் கூடாது. கோட் பதிவான நொடியில் வேகம் எவ்வளவு, ஆர்.பி.எம் எவ்வளவு, இன்ஜின் சூடு எவ்வளவு என்பதையும் கார் சேர்த்துப் பதிவு செய்திருக்கும். ‘ஃப்ரீஸ் ஃப்ரேம்’ என்று பெயர். விட்டுவிட்டு வரும் கோளாறைப் பிடிக்க இதைவிட நல்ல தடயம் கிடையாது. விளக்கு அணைந்தால் போதும் என்று கோடை அழித்துவிட்டு சர்வீஸ் சென்டர் போனால், ‘எதுவும் காட்டலையே சார்’ என்று வண்டியைத் திருப்பிக் கொடுப்பார்கள். முதலில் ஸ்க்ரீன்ஷாட், அப்புறம்தான் மற்றதெல்லாம்.

ஹைவேயில் எரிந்தால்?

பதற்றத்தில் சடன் பிரேக் போட வேண்டாம். ஹசார்ட் விளக்கைப் போட்டு, மெதுவாக இடது ஓரத்துக்கு வாருங்கள். லிம்ப் மோடில் ஸ்டீயரிங்கும் பிரேக்கும் வழக்கம்போல இருக்கும். இன்ஜினே நின்றுவிட்டால் கதை வேறு: ஸ்டீயரிங் கனமாகும், பிரேக் பூஸ்டரில் மிச்சமிருக்கும் வேக்குவம் ஓரிரு முறை மிதிக்கத்தான் வரும். அதனால் பிரேக்கை விட்டுவிட்டுக் குத்தாமல், ஒரே மிதியாக அழுத்தி நிறுத்துவது நல்லது.

பாதுகாப்பாக நிறுத்தியதும் மற்ற விளக்குகளைப் பாருங்கள். சிவப்பில் ஆயில் அல்லது டெம்பரேச்சர் எரிந்தால் அங்கேயே இன்ஜினை அணைத்துவிட வேண்டும். செக் இன்ஜின் விளக்கு கண் சிமிட்டினால் மிஸ்ஃபயர் ஆகிறது என்று அர்த்தம். தொடர்ந்து ஓட்டினால் விலை உயர்ந்த கேட்டலிட்டிக் கன்வெர்ட்டர் கருகும். இ.பி.சி.யோடு ஈ.எஸ்.சி விளக்கும் சேர்ந்து எரிவது மட்டும் தனிக் கவலை தர வேண்டியதில்லை. சறுக்கலைத் தடுக்கும் அந்த சிஸ்டம் இன்ஜின் பவரைக் குறைத்துத்தான் வேலை செய்யும். பவர் கட்டுப்பாடு சந்தேகத்தில் இருந்தால் அதுவும் ஒதுங்கிக்கொள்ளும்.

இ.பி.சி மட்டும்தான் என்றால் வண்டியை அணைத்து, ஒரு நிமிடம் விட்டு, மறுபடி ஸ்டார்ட் செய்து பார்க்கலாம். சில சமயம் விளக்கு போய்விடும். போனாலும் கோளாறு போய்விட்டது என்று நினைத்து லாரியை ஓவர்டேக் செய்யக் கிளம்ப வேண்டாம். பாதி ஓவர்டேக்கில் பவர் போவதுதான் இந்த விளக்கின் மோசமான முகம். தேசிய நெடுஞ்சாலையில் மாட்டிக்கொண்டால் 1033 என்ற உதவி எண் 24 மணி நேரமும் இயங்குகிறது.

சர்வீஸ் சென்டரில் என்ன கேட்கணும்?

வாரன்டியில் இருக்கும் வண்டி என்றால் வயரை வெட்டுவது, வெளியில் பார்ட் மாற்றுவது எதுவும் வேண்டாம். கோடைப் படிப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். ஜாப் கார்டில் ‘இ.பி.சி எரிகிறது’ என்று ஒற்றை வரியில் எழுத விடாதீர்கள். எத்தனை கி.மீ. வேகத்தில், இன்ஜின் சூடான பிறகா முன்பா, டேங்கில் எவ்வளவு பெட்ரோல், மழையா வெயிலா என்று எல்லாவற்றையும் எழுதச் சொல்லுங்கள். விளக்கு எரியும்போது எடுத்த வீடியோவையும் காட்டுங்கள். இதே மாடலுக்குக் கம்பெனி ஏதாவது டெக்னிக்கல் புல்லட்டின் அல்லது சாஃப்ட்வேர் அப்டேட் அனுப்பியிருக்கிறதா என்று கேட்கவும் உரிமை உண்டு.

பார்ட் மாற்றியே ஆக வேண்டும் என்றால், எந்தச் சோதனையில் அது தெரிந்தது என்று ஸ்கேன் ரிப்போர்ட்டோடு எழுத்தில் கேளுங்கள். பழைய பார்ட்டையும் காட்டச் சொல்லுங்கள். வண்டியைத் திரும்ப எடுக்கும்போது சர்வீஸ் சென்டர் வளாகத்துக்குள் ஒரு ரவுண்டு போதாது. புகார் சொன்ன அதே வேகத்தில், இன்ஜின் நன்றாகச் சூடாகும் வரை டெக்னீஷியனைப் பக்கத்தில் வைத்து ஓட்டிப் பார்த்து, திரும்பி வந்து இன்னொரு முறை ஸ்கேன் செய்யச் சொல்லிவிட்டுப் பில்லைக் கட்டுங்கள்.